ஐயாயிரத்து ஒரு வெள்ளி

செக் திரும்பி வந்துவிட்டது என்று கிள்ளான் வங்கியில் கவுண்டர் பெண் சொன்னபோது, வாசு அதை முதலில் நல்ல செய்தியாகத்தான் எடுத்துக்கொண்டான். அவன் தொழிலில் திரும்பி வருவதுதான் லாபம். மணவறைத் தூண் திரும்பி வரும், சரிகைத் துணி திரும்பி வரும், ராஜா ராணி நாற்காலி ஒரு கால் ஆடிக்கொண்டாவது திரும்பி வரும். கொடுத்தவர் கணக்கில் பணம் இல்லை, திரும்பியது காகிதம் மட்டும்தான் என்று அந்தப் பெண் இரண்டாம் தடவை சொன்னாள். அதற்குள் வரிசையில் பின்னால் நின்றவர் இருமத் தொடங்கிவிட்டார்.

வாசுவுக்கு முப்பத்திரண்டு வயது. எங்கேயும் முழுசாக உட்காரத் தெரியாதவன். நாற்காலி கொடுத்தால் நுனியில் ஒட்டிக்கொண்டு காலாட்டுவான். கால் ஓய்ந்தால் கைப்பேசியைத் திருப்பித் திருப்பிப் பார்ப்பான். மனைவி புனிதாவோடு சேர்ந்து கல்யாணங்களுக்கு மணவறை போடுகிறான். கிள்ளானில் மாமனார் வீட்டுப் பின்பக்கக் கொட்டகையில் எட்டு ஃபைபர் தூண்கள், இரண்டு யானைகள், ஒரு ஜோடி மயில், இவற்றையெல்லாம் ஏற்ற ஒரு பழைய லோரி. கம்பெனி என்றால் அவ்வளவுதான். புனிதா பள்ளிக்கூடத்தில் அவனுக்கு ஒரு வகுப்பு மேலே படித்தவள். அவன் அம்மா காதில் விழும் இடங்களில் "என்னங்க" என்பாள். மற்ற இடங்களில் அவன் வெறும் வாசு.

செக்கைக் கொடுத்தவர் அடைக்கப்பன். செட்டியார், பெட்டாலிங் ஜெயாவில் வீடு, கார் உதிரிப்பாக வியாபாரம். மகன் கல்யாணத்தைக் கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் ஒரு மண்டபத்தில் தடபுடலாக நடத்தினார். மணவறைக்கு வாசு ஐயாயிரம் வெள்ளி சொன்னான். கல்யாணம் முடிந்த மறுநாள் பிரிக்பீல்ட்ஸ் வாழையிலைச் சாப்பாட்டுக் கடை ஒன்றில் உட்கார்ந்து, ரசம் வருவதற்கு முன் பேனாவைத் திறந்த அடைக்கப்பன், எழுதும்போதே தலையை ஆட்டினார்.

"நல்ல காரியத்துக்குப் போயி முட்டையில முடிக்கப்படாது தம்பி," என்றார். முட்டை என்றது பூஜ்யத்தை. ஐயாயிரத்து ஒன்று என்று எழுதி, அடியில் கோடு போட்டு, செக்கை மேசைமேல் வைக்காமல் வாசுவின் இரண்டு கையிலும் வைத்தார்.

வாசு அந்த ஒரு வெள்ளியைப் பற்றி ஐந்தாறு பேரிடமாவது சொல்லியிருப்பான். கேட்டதைக் குறைக்கிற ஊரில் கேட்காமலே கூட்டிக் கொடுக்கிற மனுஷன். காசு இல்லாத கணக்கில் எத்தனை வெள்ளி வேண்டுமானாலும் கூட்டிக் கொடுக்கலாம் என்பது அப்போது அவனுக்குத் தோன்றவில்லை.

புனிதா கத்தவில்லை. அவள் கத்தியிருந்தால் வாசுவுக்குக் கொஞ்சம் நிம்மதியாக இருந்திருக்கும். கல்யாணத்துக்கு முன் அவள் கிள்ளான் துறைமுகத்தில் ஒரு கப்பல் ஏஜென்சியில் வேலை பார்த்தவள். தீபாவளி முடிந்து வந்து சேரலாமா என்று பழைய முதலாளி கேட்டிருந்தார். செலாயாங்கில் இதே தொழில் செய்யும் தம்புசாமி, தூண்களையும் யானைகளையும் மொத்தமாக எடுத்துக்கொள்ளத் தயாராக இருந்தார். மயிலுக்கு மட்டும் விலை சொல்லவில்லை, சும்மா கொடுத்தால் எடுத்துக்கொள்வதாகச் சொல்லியிருந்தார்.

"தீபாவளிக்குள்ள இந்தக் காசு கைக்கு வரணும்," என்றாள் புனிதா. "வரலன்னா தூண் எல்லாம் தம்புசாமி அண்ணனுக்கு. நான் வேலைக்குப் போறேன். நீ யானையைக் கட்டிக்கிட்டு அழு."

"யானையும் அவருக்குத்தானே," என்றான் வாசு.

அவள் உள்ளே போனாள். வாசுவுக்கு அந்தத் தொழிலைத் தவிர வேறெதுவும் பிடித்ததில்லை. வெறும் மேடையாகக் கிடக்கிற இடம் மூன்று மணி நேரத்தில் அரண்மனையாகிறதைப் பார்க்கிறவரை அவனுக்குக் கால் ஆடாது. உலகத்தில் அவன் நிம்மதியாக நிற்கிற ஒரே இடம் ஏணி உச்சி. அதைத்தான் இப்போது செலாயாங்குக்கு விலை பேசிக்கொண்டிருந்தார்கள்.

முதல் காரியமாக அவன் சட்டம் படித்தான். கைப்பேசியில்தான். சென்னையில் ஒரு வக்கீல், கறுப்புக் கோட்டோடு, பின்னால் அலமாரி நிறையத் தடித்தடியான புத்தகங்களோடு, செக் திரும்பினால் என்ன செய்யலாம் என்று பாகம் பாகமாகப் பேசிப் போட்டிருந்தார். நூற்று முப்பத்தெட்டாம் பிரிவு. நோட்டீஸ் அனுப்பு, பதினைந்து நாள் பார், அப்புறம் வழக்கு. இரண்டு வருஷம் வரை ஜெயில், செக் தொகையில் இரட்டிப்பு வரை அபராதம். வாசு அதை நடந்துகொண்டே மூன்று முறை கேட்டான். ஒவ்வொரு முறையும் அடைக்கப்பன் கூடுதலாக ஒல்லியாகி, கூடுதலாக அழுக்கான சட்டை போட்டு, கம்பிக்குப் பின்னால் நின்றார். அன்று சாயங்காலமே அவருக்கு ஒரு குரல் செய்தி அனுப்பினான். மரியாதை குறையாமல், "அங்கிள்" என்றுதான் தொடங்கினான். நூற்று முப்பத்தெட்டில் முடித்தான்.

அடைக்கப்பனிடமிருந்து கட்டைவிரல் தூக்கிய படம் ஒன்று பதிலாக வந்தது.

பிரிக்பீல்ட்ஸில் ஒரு சட்ட அலுவலகத்தில் இளம் வக்கீலாக இருந்த ராகுல், வாசுவின் பள்ளிக்கூடத் தோழன். மாடிப்படியிலேயே நிறுத்தி வைத்து, வாசு சொன்னதையெல்லாம் முகம் மாறாமல் கேட்டான்.

"அது இந்தியாச் சட்டம்லா," என்றான் கடைசியில்.

"தமிழ்லதானே பேசுறாரு."

"தமிழ்ல பேசினா நம்ம ஊர்ச் சட்டமாயிடுமா? நீ நிக்கிறது பிரிக்பீல்ட்ஸ், பாஸ். இங்க செக் திரும்பினா அது கடன் வழக்கு. போலீஸ் வராது, ஜெயிலும் கிடையாது. ஏமாத்தணும்னே குடுத்தாருன்னு நிரூபிச்சா வேற கதை. அதை நீ நிரூபிக்கிறதுக்குள்ள உன் லோரிக்கு ரோட் டேக்ஸ் முடிஞ்சிடும்."

ராகுல் வழக்கை எடுத்துக்கொள்வானா என்றதற்கு, எடுத்துக்கொண்டால் தன் கட்டணம் போக வாசுவுக்கு ஒரு வாழையிலைச் சாப்பாடு மிஞ்சலாம், மட்டன் இல்லாமல், என்று கணக்குச் சொன்னான். ஆனால் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் சின்ன வழக்குகளுக்கு ஒரு பிரிவு உண்டு. ஐயாயிரம் வரை அங்கே போகலாம். விண்ணப்பப் பாரத்தை நாமே நிரப்ப வேண்டும், நாமே பேச வேண்டும், வக்கீல்கள் வந்து வாதாடக் கூடாது. அந்தக் கோர்ட்டின் பெரிய வசதியே தான் அங்கே வர முடியாததுதான் என்று ராகுல் சொன்னான். வாசுவுக்கு ஐயாயிரம் என்ற எண் இதமாக இருந்தது. தன் வழக்குக்கென்றே அளவெடுத்துத் தைத்த மாதிரி.

எந்தக் கோர்ட் என்பதை அவன் கேட்கவில்லை. கோர்ட் என்றால் கோர்ட்தானே.

கிள்ளான் கோர்ட்டில் பாரம் வாங்கினான். வாங்கின கையோடு, நின்றபடியே, தூணில் வைத்து நிரப்பினான். கவுண்டரில் இருந்த மலாய்க்கார அம்மா மூக்குக்கண்ணாடியை இறக்கிவிட்டு, எதிராளி கிள்ளானில் இருக்கிறாரா என்று கேட்டார். இல்லை. கொடுக்கல் வாங்கல் கிள்ளானில் நடந்ததா? இல்லை. அப்படியென்றால் கிள்ளானில் என்னதான் இருக்கிறது? வாசு யோசித்து, "நான் இருக்கேன்," என்று மலாயில் சொன்னான். அவன் இருப்பது சந்தோஷம்தான், ஆனால் சம்பவம் நடந்த ஊருக்கோ எதிராளி வசிக்கிற ஊருக்கோ போக வேண்டும் என்று அந்த அம்மா சிரிக்காமல் சொல்லிப் பாரத்தைத் திருப்பித் தந்தார்.

இதை அவன் லோரிக்குள் உட்கார்ந்து யோசித்தான். அதாவது ஸ்டியரிங்கைத் தட்டிக்கொண்டே யோசித்தான். செக் எழுதினது பிரிக்பீல்ட்ஸில். செக்கின் கிளை காஜாங்கில். செக் செத்தது கிள்ளானில். எழுதின கை பெட்டாலிங் ஜெயாவில். ஒரே ஒரு காகிதம், கிள்ளான் பள்ளத்தாக்கு முழுக்கச் சுற்றுப்பயணம் போயிருந்தது.

மறுநாள் கோலாலம்பூர் கோர்ட்டுக்குப் போனான். எண் எடுத்து, உட்காராமல், தன் எண் வரும்வரை வராந்தாவை நீளவாக்கில் அளந்தான். அங்கே போட முடியாது என்று யாரும் சொல்லவில்லை. ஆனால் எதிராளி முகவரி என்று அவன் எழுதியிருந்தது விசிட்டிங் கார்டில் இருந்த பிரிக்பீல்ட்ஸ் கடை. வருகிற வழியில்தான் அதைப் பார்த்திருந்தான். கதவை இழுத்து மூடி, வாடகைக்கு என்று சீன எழுத்திலும் மலாயிலும் பலகை தொங்கியது. ஆளில்லாத கடைக்குச் சம்மன் போனால் அதுவும் செக் மாதிரித் திரும்பித்தான் வரும், வீட்டு முகவரி இருக்கிற ஊரில் போடுவது உத்தமம் என்று கவுண்டர் இளைஞன் யோசனை சொன்னான். வாசு நன்றி சொன்னான். இந்த இரண்டு நாளில் டோலுக்கும் பார்க்கிங்குக்கும் போன காசு, கோர்ட் கேட்கிற கட்டணத்தைத் தாண்டிவிட்டிருந்தது.

மூன்றாவதாகப் பெட்டாலிங் ஜெயாவுக்குப் போனபோது புனிதாவும் கூட வந்தாள். நம்பிக்கையில் வரவில்லை. இவன் அடுத்து ஈப்போவுக்குப் போய்விடுவானோ என்ற பயத்தில் வந்தாள்.

கவுண்டர் பெண் எல்லாவற்றையும் பார்த்தாள். முகவரி சரி. அடையாள அட்டை சரி. செக் நகல் சரி. பிறகு பேனா முனையைத் தொகையின்மேல் வைத்து, "லிமா ரிபு சத்து," என்று வாய்விட்டு வாசித்தாள். ஐயாயிரத்து ஒன்று. இந்தப் பிரிவு ஐயாயிரம் வரைக்கும்தான். ஒரு வெள்ளி அதிகம்.

வாசு சிரித்தான். அவள் சிரிக்கவில்லை. அவன் குனிந்து, அந்த ஒரு வெள்ளி கடன் இல்லை, அது மங்களத்துக்காகப் போட்டது, எங்கள் வழக்கம் என்று மலாயில் விளக்கினான். மங்களத்துக்கு மலாயில் சரியான சொல் கிடைக்காமல், "நல்ல நாளுக்கான வெள்ளி" என்று சொல்லிப் பார்த்தான். அவள் மேலதிகாரியைக் கூப்பிட்டாள். அவர் செக்கையும் வாசுவையும் வாசுவின் ஆடுகிற காலையும் பார்த்துவிட்டு, இரண்டு வழி சொன்னார். மேல் வரிசை வழக்காகப் போடலாம். அதற்குக் கட்டணம் வேறு, நடைமுறை வேறு, வக்கீலும் தேவைப்படும். அல்லது அந்த ஒரு வெள்ளி வேண்டாம் என்று விட்டுக்கொடுத்து, ஐயாயிரத்துக்குப் போடலாம்.

விட்டுக்கொடுப்பதற்கு வாசு சம்மதிக்கவில்லை. அந்த மனுஷன் ஐயாயிரத்து ஒரு வெள்ளிக்கு ஏமாற்றியிருக்கிறார். ஐயாயிரம் என்று போட்டால் அவர் ஒரு வெள்ளிக்கு யோக்கியராகிவிடுவார். தவிர, முட்டையில் முடிகிற வழக்கு எப்படி ஜெயிக்கும்? இதையெல்லாம் புனிதாவிடம் தணிந்த குரலில், ஆனால் நிறுத்தாமல் சொன்னான். பின்னால் ஒன்பது பேர் நின்றார்கள்.

புனிதா கைப்பையைத் திறந்தாள். ஒரு நீல நிற ஒரு வெள்ளித் தாளை எடுத்து, மடிப்பை நீவி, அவன் சட்டைப்பையில் வைத்தாள்.

"இந்தா உன் ஒரு வெள்ளி. கையெழுத்தைப் போடு."

அவன் போட்டான். பதிவுக் கட்டணம் இரண்டு பேர் வாழையிலைச் சாப்பாட்டுக் காசுதான். அதையும் புனிதாதான் கட்டினாள்.

விசாரணை வர ஆவணி ஆயிற்று. அடைக்கப்பன் வருவாரா என்று வாசு இரவும் பகலும் கவலைப்பட்டான், வந்தார். மகன் கல்யாணத்துக்குப் போட்ட அதே கிரீம் கலர் சில்க் சட்டை. எதிர் பெஞ்சிலிருந்து புனிதாவைப் பார்த்து, "சௌக்கியமாம்மா?" என்று விசாரித்தார். வாசுவைப் பார்த்து, கொஞ்சம் இளைத்திருக்கிறாயே என்றார்.

மாஜிஸ்திரேட் இளம் பெண். செக் உங்களுடையதுதானா என்று கேட்டார். தன்னுடையதுதான் என்றார் அடைக்கப்பன். கையெழுத்து? தன்னுடையதுதான். மணவறை போட்டார்களா? ரொம்ப அழகாகப் போட்டார்கள், யானை மட்டும் கொஞ்சம் நாய் மாதிரி இருந்தது. அப்படியென்றால் மறுப்பு ஏதாவது உண்டா? உண்டு என்றார் அடைக்கப்பன். தான் எழுதினது ஐயாயிரத்து ஒன்று. வாதி கேட்பது ஐயாயிரம். மங்களமாகக் கொடுத்த தொகையை இவர் கோர்ட்டில் வைத்து முட்டையில் முடித்துவிட்டார், அது தன் மகன் குடும்பத்துக்கு நல்லதில்லை.

மொழிபெயர்ப்பாளர் இதை மலாயில் சொல்லத் தொடங்கி, பாதியில் நின்று, தண்ணீர் குடித்துவிட்டு மறுபடி தொடங்கினார். மாஜிஸ்திரேட் நிதானமாகக் கேட்டுக்கொண்டு, வாதி கேட்டதைவிடக் கூடுதலாகக் கொடுக்க விரும்புகிறீர்களா என்று விசாரித்தார். இல்லை என்றார் அடைக்கப்பன். ஒரு மாதத்துக்குள் ஐயாயிரத்தையும் செலவுத் தொகையையும் கட்ட வேண்டும் என்று உத்தரவானது.

வாசு வெளியே வந்து இரண்டு படியை ஒன்றாகத் தாண்டி இறங்கினான். ஜெயித்துவிட்டோம் என்றான். புனிதா உத்தரவை வாங்கிப் படித்து, அதன் பின்பக்கத்தையும் திருப்பிப் பார்த்தாள்.

"செக்கும் பேப்பர்தான், இதுவும் பேப்பர்தான்," என்றாள். "இது கொஞ்சம் பெருசா இருக்கு."

மாதம் முடிந்தது. காசு வரவில்லை. அடைக்கப்பன் கைப்பேசி எடுப்பதையும் விட்டுவிட்டார். கட்டைவிரல் படம்கூட வரவில்லை. ஜெயித்தவனும் கட்டணம் கட்டித்தான் தன் வெற்றியை வசூலிக்க வேண்டும் என்பதை வாசு கவுண்டரில் கற்றுக்கொண்டான். இன்னொரு மனு, அதற்கொரு கட்டணம், ஜப்திக்கு வருகிற அதிகாரியின் செலவுக்கு முன்பணம். வாசு பக்கத்து வீட்டுப் பிள்ளைகளின் பிறந்தநாள்களுக்குப் பலூன் கட்டி அதைச் சேர்த்தான். பொருள்களை ஏற்றிக்கொண்டு போக வண்டியும் அவனே கொண்டுவர வேண்டுமாம். அந்த ஒரு இடத்தில் மட்டும் அவனுக்குப் பெருமையாக இருந்தது. லோரி இருக்கிறது என்றான்.

அங்கேதான் இடித்தது. கோர்ட் கொடுத்த நாள் தீபாவளிக்கு முந்தின வாரத்தில் ஒரு வியாழக்கிழமை. தூண்களை எடுத்துக்கொள்ளத் தம்புசாமி அட்வான்ஸும் கொடுத்துச் சொல்லியிருந்ததும் அதே வியாழன். அவருக்குத் தீபாவளி முடிந்ததும் வரிசையாகக் கல்யாணங்கள். புனிதா நாளை மாற்றிக் கேட்கவில்லை. காலையில் எல்லாவற்றையும் ஏற்றிவிடலாம், முதலில் பெட்டாலிங் ஜெயா, அங்கிருந்து நேரே செலாயாங் என்றாள். வாசு தூண்களுக்குப் பழைய போர்வை சுற்றினான். கடைசியாக யானைகளை ஏற்றிவிட்டு, லோரியின் வாசலோரம் ஒரு டிவியும் ஒரு சோபாவும் வைக்கிற அளவுக்கு இடம் விட்டான்.  வழியெல்லாம் ஒவ்வொரு சிக்னலிலும் வாசு கியரைத் தேவையில்லாமல் மாற்றிக்கொண்டே இருந்தான்.

ஜப்தி அதிகாரி ஹாஷிம், மலாய் மரியாதையில் என்சிக் ஹாஷிம், தெருமுனையில் காத்திருந்தார். ஐம்பது வயது, மெதுவான மனிதர். லோரிக்குள் எட்டிப் பார்த்துவிட்டு, இந்த யானைகளும் ஜப்தியா என்று கேட்டார். இல்லை, சொந்த யானை என்றான் வாசு.

அடைக்கப்பன் வீடு மாடி வைத்த வரிசை வீடு, வாசலில் முந்தைய பொங்கலின் மாவிலைத் தோரணம் காய்ந்து தொங்கியது. லோரி நின்ற சத்தத்தில் கதவு திறந்தது. வந்தது அடைக்கப்பனின் மனைவி விசாலம்; செட்டியார் வீட்டு அம்மாக்களை அழைக்கிற மாதிரி வாசு அவரை ஆச்சி என்றுதான் கூப்பிடுவான். ஆச்சிக்கு லோரியைப் பார்த்ததும் முகம் மலர்ந்தது. பின்னால் இருந்த ஹாஷிமின் கழுத்தில் தொங்கிய அடையாள அட்டையையும் கைக் காகிதத்தையும் பார்த்ததும் அப்படியே நின்றது.

எதிர்வீட்டில் குமுதா டீச்சர் செடிக்குத் தண்ணீர் ஊற்றிக்கொண்டிருந்தார். ஓய்வு பெற்றவர், தெருவுக்கே வருகைப் பதிவு எடுக்கிறவர். ரப்பர் குழாயைக் கையில் பிடித்தபடியே வேலி ஓரம் வந்து, திறந்திருந்த லோரிக்குள் தூணையும் யானையையும் பார்த்தார்.

"என்ன ஆச்சி, வீட்டுல விசேஷமா?"

 ஆச்சி வாசுவைப் பார்க்கவில்லை, ஹாஷிமையும் பார்க்கவில்லை.

"ஆமா டீச்சர். இவுகளுக்கு அறுபதாங் கல்யாணம்."

"அண்ணனுக்கு அறுபதாயிருச்சா? பாத்தா தெரியலையே."

"எங்களுக்கே தெரியல," என்றார் ஆச்சி. கேட்டைத் திறந்து மூவரையும் உள்ளே விட்டு, சாத்தினார்.

உள்ளே ஹாஷிம் விவரம் சொன்னார். ஆச்சிக்கு மலாய் நன்றாகவே புரிந்தது. உத்தரவை வாங்கித் தூரப் பிடித்துப் படித்தார். அடைக்கப்பன் மாடிப்படியில் பாதி இறங்கி, கைலியோடு, மேலேயும் போகாமல் கீழேயும் வராமல் நின்றார்.

"மணவறைக்குன்னு நான் ரொக்கமாக் குடுத்தேனே," என்றார் ஆச்சி, படியைப் பார்க்காமல்.

அடைக்கப்பன் கடை வாடகை என்று ஆரம்பித்தார். அப்புறம் சரக்குக் கப்பல் என்றார். எல்லாருக்கும் செக் கொடுத்தால் எல்லாரும் ஒரே நாளில் போட மாட்டார்கள் என்று நினைத்ததாகச் சொன்னார். அதோடு நிறுத்திக்கொண்டார். வாசு இந்த நிமிஷத்தை ஆறு மாதமாக மனசுக்குள் ஒத்திகை பார்த்திருந்தான். அதில் அவன் பேசுவதற்கு நீளமான வசனம் இருந்தது. இப்போது அதில் ஒரு சொல்கூட நினைவுக்கு வரவில்லை. அந்தக் கைலியில் ஒரு கிழிசல் இருந்தது.

ஆச்சி அறைக்குள் போனார். பீரோ திறக்கிற சத்தம் கேட்டது. திரும்பி வந்து, ரப்பர் பேண்டு போட்ட நோட்டுகளை வாசுவிடம் கொடுக்காமல் புனிதாவிடம் கொடுத்தார். புனிதா எண்ணினாள். செலவுத் தொகையும் சேர்ந்து சரியாக இருந்தது. ஹாஷிம் மேசையில் எழுதிக் கையெழுத்து வாங்கினார். டிவியும் சோபாவும் தங்கள் இடத்திலேயே இருந்தன. ஹாஷிமுக்குக் கோப்பி வந்தது. அவர் வேலை முடிந்த நிம்மதியில் அதை ஊதி ஊதிக் குடித்தார்.

புனிதா எழுந்தாள். வாசுவும் எழுந்தான், அவன் உட்காரவே இல்லை என்பதால் கதவுப்பக்கம் திரும்பினான் என்று சொல்ல வேண்டும். காசு கைக்கு வந்துவிட்டது. ஆனால் தம்புசாமிக்குக் கொடுத்த வாக்கு லோரியில் ஏறி நிற்கிறது. எதைக் கேட்பது, எப்போது கேட்பது என்று தெரியாமல் அவன் லோரிச் சாவியை ஒரு கையிலிருந்து இன்னொரு கைக்கு மாற்றிக்கொண்டிருந்தான்.

"எங்க போறீங்க?" என்றார் ஆச்சி. "தூணை இறக்குங்க."

புனிதா புரியாமல் பார்த்தாள்.

"டீச்சர்கிட்ட சொல்லியாச்சு. இந்நேரம் தெருவுல பாதிப் பேருக்குத் தெரிஞ்சிருக்கும். இறக்காம லோரி திரும்பிப் போச்சுன்னா, வந்தது என்னாத்துக்குன்னு கேப்பாக." ஆச்சி கொஞ்சம் யோசித்தார். "ஞாயித்துக்கிழமை வச்சுக்குவோம். அதுவரைக்கும் போர்ட்டிகோவுல நிக்கட்டும்."

அடைக்கப்பன் படியிலிருந்தே தனக்கு ஐம்பத்தெட்டுதான் ஆகிறது என்று நினைவூட்டினார்.

"ரெண்டு வருஷம் முன்னாடி செஞ்சா யாரும் கோர்ட்டுக்குப் போக மாட்டாக," என்றார் ஆச்சி. "போயி வேட்டியக் கட்டுங்க."

வாசு புனிதாவைப் பார்த்தான். புனிதா தன் கையிலிருந்த நோட்டுக் கட்டைப் பார்த்தாள், பிறகு ஆச்சியை. நாலு நாளைக்கு நிற்க வேண்டும், தீபாவளி சமயம், பூ விலை ஏறியிருக்கிறது, பாதி முன்பணம், ரொக்கம் என்று மெல்லிய குரலில் வரிசையாகச் சொன்னாள். பேரம் பேசுகிற குரல் இல்லை. கல்யாண வீட்டில் பேசுகிற அவளுடைய பழைய குரல். அதை வாசு ஆறு மாதமாகக் கேட்கவில்லை. ஆச்சி மறுபடி பீரோவுக்குப் போனார்.

வாசு ஓடித்தான் போனான். போர்வைகளை உருவிப் போட்டான். ஹாஷிம், தனக்குச் சம்பந்தமில்லை என்று முதலில் சொல்லிவிட்டு, கோப்பி குடித்த கடமைக்கு ஒரு யானையின் பின்பக்கத்தைப் பிடித்தார். குமுதா டீச்சர் குழாயை மூடிவிட்டு, முகூர்த்தம் எத்தனை மணிக்கு, சைவமா அசைவமா என்று வேலிக்கு மேலிருந்து விசாரித்தார். வேட்டி கட்டி வந்த அடைக்கப்பன் அவருக்குப் பதில் சொல்லத் தெரியாமல், எல்லாரும் குடும்பத்தோடு வந்துவிட வேண்டும் என்று மட்டும் சொன்னார்.

ஏணி உச்சியில் நின்று வாசு மேல்வளைவை முடுக்கிக்கொண்டிருந்தான். கால் ஆடவில்லை. கீழே லோரி ஓரமாக நின்று புனிதா கைப்பேசியில் பேசுவது கேட்டது.

"இல்ல அண்ணே, இன்னிக்கு வரல. வேலை மாட்டிக்கிச்சு." கொஞ்ச நேரம் கேட்டாள். "அடுத்த வாரமும் சொல்ல முடியாது." மறுபடி கேட்டாள். "கோபப்படாதீங்க அண்ணே. உங்க அட்வான்ஸை இன்னிக்கே பேங்க்ல போட்டுடுறேன்."

வாசு திருப்புளியைப் பிடித்த கையோடு அசையாமல் இருந்தான். திரும்பிப் பார்த்தால் அவள் மனசை மாற்றிக்கொள்வாளோ என்று பயமாக இருந்தது.

அவள் கைப்பேசியைப் பைக்குள் போட்டுவிட்டு நாலு அடி பின்னால் போனாள். தெருவில் நின்று, தலையை ஒரு பக்கமாகச் சாய்த்து, ஒரு கண்ணை மூடிப் பார்த்தாள்.

"இடது பக்கத் தூணு சாயுது வாசு. இறங்கி வந்து பாரு."